ரூபின்ஸ்டைனின் யானை

சதுரங்கத்தில் யானை ஒரு மந்தமான காய் என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். ஆட்டம் ஆரம்பித்துப் பதினைந்து, இருபது நகர்த்தல் ஆகும்வரை அது மூலையில் கிடக்கும். குதிரை தாண்டிக் குதிக்கும். மந்திரி குறுக்கே பாயும். ராணியின் ஆர்ப்பாட்டத்தைக் கேட்கவே வேண்டாம். யானை மட்டும், கலியாண வீட்டில் கொல்லைப்புறத்து வேலையைக் கவனிக்கும் உறவுக்காரரைப் போல, பந்தி கலைந்த பிறகுதான் வெளியே வரும். அந்த நேரத்தில் அதை வைத்துக்கொண்டு என்னவெல்லாம் செய்யலாம் என்று உலகத்துக்குக் காட்டியவர் அகிபா ரூபின்ஸ்டைன்.

அவர் பிறந்தது 1880-ல், ஸ்டாவிஸ்கி என்னும் சிற்றூரில். மண் போலந்து மண். ஆட்சி ரஷ்யச் சக்கரவர்த்தியின் ஆட்சி. அதனால் ரஷ்ய ஆட்டக்காரர் என்றும் போலந்து ஆட்டக்காரர் என்றும் இரண்டு பேரும் அவருக்கு உண்டு. யூதக் குடும்பம். பையன் மத குருவாக வருவான் என்பது பெரியவர்களின் எண்ணம். பையனோ வேறு வேதத்தைப் பிடித்துக்கொண்டான். அதுவும் காலந்தாழ்ந்து; காய்களைத் தொட்டபோதே மீசை அரும்பும் வயது. இன்றைக்கு அந்த வயதுக்குள் கிராண்ட்மாஸ்டர் பட்டமே வாங்கிவிடுகிறார்கள்.

லோட்ஸ் நகரத்துக்குப் போனார். அங்கே சால்வே என்ற பெரிய ஆட்டக்காரர் இருந்தார். அவரோடு மோதி மோதியே ரூபின்ஸ்டைன் தேறினார். 1907-ல் கார்ல்ஸ்பாட் பந்தயத்தில் முதல் பரிசு. அதே வருஷக் கடைசியில் லோட்ஸில் ராட்லெவியோடு ஆடிய ஆட்டத்தைப் பற்றி இன்றும் பேசுகிறார்கள். ராணியை வெட்டுக்குக் கொடுத்து, யானையையும் தூக்கி எதிரியின் மடியில் போட்டு, இருபத்தைந்தே நகர்த்தலில் முடித்துவிட்டார். பிரமாதமான வாணவேடிக்கைதான். ஆனால் எனக்கு அதைவிடப் பெரிதாகத் தோன்றுவது, சத்தமில்லாத இன்னோர் ஆட்டம்.

1909-ல் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில், முந்தின வருஷம் காலமான சிகோரின் நினைவாக ஒரு பந்தயம் நடந்தது. உலக சாம்பியன் லாஸ்கரும் வந்திருந்தார். ரூபின்ஸ்டைனுக்கு வெள்ளைக் காய். நடு ஆட்டத்திலேயே பெரிய காய்களெல்லாம் வெட்டுப்பட்டுப் போய், இருவரிடமும் மிஞ்சியது ராஜாவும் ஒரு யானையும் சில சிப்பாய்களுமே. ரூபின்ஸ்டைனுக்கு ஒரு சிப்பாய் அதிகம், அவ்வளவுதான் லாபம். நம்மைப் போன்றவர்கள் இந்த இடத்தில் கையைக் குலுக்கிவிட்டுக் காப்பி சாப்பிடப் போய்விடுவோம். அவர் யானையை எதிரியின் எல்லைக்குள் கொண்டுபோய் நிறுத்தினார். அங்கிருந்து அது லாஸ்கரின் ஓரத்துச் சிப்பாயைப் பார்த்துக்கொண்டே நின்றது. லாஸ்கரின் யானை அந்தச் சிப்பாயைக் காவல் காப்பதைத் தவிர வேறு வேலை செய்ய முடியவில்லை. இதற்குள் வெள்ளை ராஜா சிப்பாய்களைக் கூட்டிக்கொண்டு, சாவகாசமாக, சாயங்கால உலாப் போகிறவரைப் போல முன்னே நடந்தார். முடிவில் ரூபின்ஸ்டைன் செய்த காரியம், மூலையிலிருந்த ஒரு சின்னச் சிப்பாயை ஒரே ஒரு கட்டம் தள்ளி வைத்தது. லாஸ்கருக்கு எதை நகர்த்தினாலும் நஷ்டம். உலக சாம்பியன் ஆட்டத்தை விட்டுக்கொடுத்தார்.

இருவரும் 18 ஆட்டங்களில் பதினாலரைப் புள்ளி பெற்று முதலிடத்தைப் பகிர்ந்துகொண்டார்கள். அடுத்து வந்தவர்களுக்குப் பதினொன்றுதான். 1911-ல் ஸான் ஸெபாஸ்டியனில் கப்பாப்ளாங்கா முதல் பரிசு வாங்கினாரே, அந்தப் பந்தயத்தில் அவரைத் தோற்கடித்த ஒரே ஆள் ரூபின்ஸ்டைன். 1912-ல் ஐந்து பெரிய பந்தயங்களில் முதலிடம். பிரெஸ்லாவில் மட்டும் அதை இன்னொருவருடன் பங்கிட்டுக்கொண்டார்.

அப்புறம்? லாஸ்கரோடு சாம்பியன் பட்டத்துக்கு ஆடுவதாக ஏற்பாடாயிற்று. 1914-ல் யுத்தம் வந்தது, ஆட்டம் போயிற்று. யுத்தம் ஓய்ந்த பிறகு பட்டம் கப்பாப்ளாங்காவின் கைக்கு மாறிவிட்டது. அவரோடு ஆட வேண்டுமென்றால் பத்தாயிரம் டாலர் திரட்டிக்கொண்டு வரவேண்டும் என்று 1922-ல் விதி வந்தது. ரூபின்ஸ்டைன் அந்த வருஷம் வியன்னாவில் அலெகினுக்கு மேலாக முதலிடம் பெற்றவர். ஆனால் பணக்காரர்களின் வீட்டுப் படியேறிப் பல்லைக் காட்டத் தெரிந்தவர் அல்லர். மனிதர்களைக் கண்டாலே அவருக்குப் பயம்.

சங்கோஜம் என்று சொல்லித் தட்டிவிடக்கூடிய விஷயம் அல்ல இது. காயை நகர்த்திவிட்டு, எதிரி பதில் ஆட்டம் ஆடும்வரை மண்டபத்தின் ஒரு மூலையில் போய் ஒதுங்கி நிற்பாராம்.

இதை முதலில் படித்தபோது எனக்குச் சிரிப்பு வரவில்லை. என் சித்தப்பா ஒருவர் அப்படித்தான் இருந்தார். கோர்ட்டில் நகல் எழுதும் உத்தியோகம். வீட்டுக்கு யாராவது வந்தால் கொல்லைக் கதவைத் திறந்துகொண்டு கிணற்றடிக்குப் போய்விடுவார். வந்தவர்கள் போன பிறகுதான் உள்ளே வருவார். அவருடைய அறையில் ஒரு சதுரங்கப் பலகை; பழைய புத்தகக் கடையில் வாங்கிய இங்கிலீஷ் புத்தகம் ஒன்று; அதில் ரூபின்ஸ்டைனின் நூறு ஆட்டங்கள். இரண்டு பக்கத்தையும் அவரே ஆடுவார். எனக்குக் காய் நகர்த்தக் கற்றுக்கொடுத்தவர் அவர்தான். அதையும் என் முகத்தைப் பார்க்காமல், பலகையைப் பார்த்தபடியே கற்றுக்கொடுத்தார். உறவுக்காரர்கள் 'கிறுக்கு' என்றார்கள். கொஞ்சம் நல்ல மனசு உள்ளவர்கள், "பட்டணத்தில் பிறந்திருந்தால் எங்கேயோ போயிருப்பான்" என்றார்கள். இரண்டாவது பேச்சுத்தான் எனக்கு அதிகமாகக் கசக்கும்.

அவர் போய்ப் பல வருஷம் கழித்து நானே அந்த அசட்டுத்தனத்தைச் சித்தியிடம் வேறு மாதிரி கேட்டேன். "சித்தப்பா ஒரு பந்தயத்திலாவது கலந்துகொண்டு ஜெயித்திருந்தால் உங்களுக்குச் சந்தோஷமாக இருந்திருக்கும், இல்லையா சித்தி?"

சித்தி முறத்திலிருந்து தலை நிமிரவில்லை. "ஜெயிக்கணும்னு யாரு தம்பி கேட்டா? கூப்பிட்டா சாப்பிட வந்து உக்காரணும். அன்னிக்கு வந்து உக்காந்துட்டார்னா அதுதான் எனக்கு ஜெயிச்ச மாதிரி" என்றாள்.

கதை எழுதுகிறவனுக்கு இந்த மாதிரி ஒரு வாக்கியம் வருஷத்துக்கு ஒன்று கிடைத்தால் போதும். அன்றிலிருந்து, 'பட்டம் கிட்டாத துரதிர்ஷ்டசாலி' என்று ரூபின்ஸ்டைனைப் பற்றி எழுதுகிறவர்களிடம் எனக்கு மரியாதை குறைந்துவிட்டது. அவருக்கும் ஒரு மனைவி இருந்தாள்; இரண்டு பிள்ளைகள் இருந்தார்கள். அந்த வீட்டில் எது வெற்றி, எது தோல்வி என்று நாம் எப்படிக் கணக்கெழுதுவது?

மனசு அப்படித் தள்ளாடிய காலத்திலும், 1930-ல் ஹாம்பர்க் ஒலிம்பியாடில் போலந்தின் முதல் பலகையில் உட்கார்ந்து பதினேழு ஆட்டம் ஆடினார். பதின்மூன்று வெற்றி, நான்கு டிரா, தோல்வியே இல்லை. போலந்துக்குத் தங்கப் பதக்கம். இரண்டு வருஷத்துக்குள் பந்தயங்களை விட்டு விலகினார். அப்போது வயது ஐம்பதைச் சற்றே தாண்டியிருந்தது.

பெல்ஜியத்தில் குடியிருந்தார். ஜெர்மானியர் அந்த நாட்டைப் பிடித்துக்கொண்டு ஏறக்குறைய 25,000 யூதர்களை ரயிலேற்றி ஆஷ்விட்ஸுக்கு அனுப்பினார்கள். ரூபின்ஸ்டைன் தப்பினார். 1950-ல் உலகச் சதுரங்கச் சங்கம் முதன்முதலாகக் கிராண்ட்மாஸ்டர்கள் என்று 27 பேருக்குப் பட்டம் கொடுத்தபோது அவர் பெயரும் அதில் இருந்தது; பந்தயத்தில் ஆடுவதை அவர் நிறுத்திப் பதினெட்டு வருஷம் ஆகியிருந்தது. 1954-ல் மனைவி போய்ச் சேர்ந்தாள். 1961 மார்ச்சில், எண்பது வயதில், ஆண்ட்வெர்ப்பில் அவரும் காலமானார்.

கடைசி முப்பது வருஷமும் வெறும் இருட்டு என்று எழுதிவிடுகிறார்கள். பெல்ஜியத்து ஓ'கெல்லி பிற்காலத்தில் கிராண்ட்மாஸ்டர் ஆனவர். அவர் ரூபின்ஸ்டைனிடம் பாடம் கேட்டவர். மனிதர்களைக் கண்டு ஒதுங்கியவரின் பலகைக்கு எதிரே ஒரு நாற்காலி போட்டுத்தான் இருந்திருக்கிறது.