வண்டிக்கும் உண்டு பரேடு!

மோட்டார் ஓட்டக் கற்றுக் கொள்ளப் போனால் முதல் நாள் என்ன செய்வார்கள்? ஸ்டியரிங்கைக் கையில் கொடுத்து, "கிளச்சிலிருந்து காலை மெள்ள எடுங்கள்" என்பார்கள், இல்லையா? பட்டாளத்துப் பள்ளிக்கூடத்தில் அப்படியல்ல, சகோதரிகளே!

நான் குடியிருப்பது மாடம்பாக்கத்தில். பக்கத்திலேயே தாம்பரம் விமானப்படைத் தளம். எங்கள் தெருவில் ஓய்வு பெற்ற ராணுவ ஹவில்தார் ஒருவர் இருக்கிறார். பெங்களூரில் உள்ள ஆர்மி ஸர்வீஸ் கோர் மையத்தில் புது ஜவான்களுக்கு லாரி ஓட்டச் சொல்லிக் கொடுத்தவர்.

போன ஐப்பசியில், கொட்டுகிற மழையில், நடுநிசியில் என் மாமியாருக்கு மார்வலி. என் கணவர் வெளியூரில். வாசலில் கார் நிற்கிறது, ஓட்டத்தான் ஆளில்லை! ஹவில்தார்தான் ஓடி வந்து ஆஸ்பத்திரியில் கொண்டு சேர்த்தார். மாமியார் பிழைத்து வீடு திரும்பிய மறுநாளே அவர் வீட்டுப் படியேறி, "எனக்குக் கற்றுக் கொடுங்கள், ஸார்" என்றேன்.

எல்.எல்.ஆர். வாங்கி வந்த பிறகும் மூன்று நாள் என்னை டிரைவர் ஸீட்டில் உட்காரவே விடவில்லை, அந்த மனிதர். பானெட்டைத் திறந்து ஆயில் பார்க்க வேண்டும். தண்ணீர் பார்க்க வேண்டும். டயரில் காற்றுப் பார்க்க வேண்டும். குனிந்து, அடியில் ஏதாவது ஒழுகுகிறதா என்றும் பார்க்க வேண்டும். ராணுவத்தில் இதற்கு 'ஃபர்ஸ்ட் பரேடு' என்று பெயராம். வழியில் நிறுத்தினால் ஒரு சோதனை. திரும்பி வந்ததும் 'லாஸ்ட் பரேடு'!

"வண்டியைத் தெரிஞ்சுக்காதவன் கையிலே வண்டியைக் கொடுக்க மாட்டோம், அம்மா. பின்னாலே ஜவான்கள் உட்கார்ந்திருப்பாங்க, அவங்க உயிர் டிரைவர் கையிலே" என்றார்.

'பெண்களுக்கு எதற்கு இந்த எண்ணெய்ப் பிசுக்கு?' என்று முகம் சுளிக்கிறீர்களா? 1945 பிப்ரவரியில், 18 வயதில், இங்கிலாந்து இளவரசி எலிஸபெத் ராணுவத்தின் பெண்கள் படையில் சேர்ந்து, டயர் மாற்றவும், எஞ்சினைப் பழுது பார்க்கவும், கனமான வண்டிகளை ஓட்டவும் கற்றுக் கொண்டார். பின்னாளில் மகாராணியாகி, 2022-ல் மறைந்தாரே, அவர்தான். அவர் கையிலேயே பிசுக்குப் பட்டதென்றால் நமக்கென்ன?

அதோடு, இந்த ஒழுங்கு நமக்குப் புதிதா, என்ன? படுக்கப் போகுமுன் காஸை மூடினோமா, பாலுக்கு உறை ஊற்றினோமா, கொல்லைக் கதவைத் தாழிட்டோமா என்று தினமும் பார்க்கிறோமே, அது நம் வீட்டு 'லாஸ்ட் பரேடு' அல்லவா?

இப்போது லைஸென்ஸ் வந்து விட்டது. காம்ப் ரோடு சந்திப்பின் நெரிசலில் நெஞ்சு படபடக்கத்தான் செய்கிறது. ஆனாலும், போன வாரம் மாமியாரை டாக்டரிடம் நானே அழைத்துப் போனேன். சேலையூர் தாண்டுவதற்குள் பின் ஸீட்டில் அவர் நிம்மதியாகத் தூங்கிப் போனார். இதைவிட நல்ல சர்ட்டிபிகேட்டை வேறு யார் தரப் போகிறார்கள், சொல்லுங்கள்!