சோடாவும் பூவன் பழமும்

முதுநிலை வேதியியல் பயிலும் ஒருவன் அடுப்படியில் தோற்ற கதை இது.

ஓசூர் நெடுஞ்சாலையிலிருந்து ஆனேக்கல் சாலை பிரியும் சந்தாபுராவில், ஒரு மாடியறையில் நானும் நண்பனும் வாழ்கிறோம். சென்ற மாதம் தொட்டியத்திலிருந்து என் தந்தையார் இரண்டு சீப்புப் பூவன் பழம் அனுப்பினார். சூறைக்காற்றில் எங்கள் வாழைத் தோட்டம் சாய்ந்தபின் எஞ்சியவை அவை. காற்றைப் பற்றி அவர் வாய் திறக்கவில்லை. தம்பி சொல்லித்தான் அறிந்தேன். தொலைபேசியில் அவர் சொன்னதெல்லாம், "படிப்பைப் பாருப்பா" என்பதே.

என் தேர்வு முடியும்வரை பழம் காத்திருக்குமா? ஒரு பழம் விடும் எத்திலீன் வாயு அடுத்ததையும் பழுக்க வைக்கும். நான்கே நாளில் யாவும் கறுத்தன. எறிய மனம் வரவில்லை. கடைத்தெருவில் கேக் மாவுப் பெட்டி ஒன்று வாங்கினேன். பெட்டியோ முட்டை கேட்டது. வீட்டுக்கார அம்மையாரோ முட்டையைப் படியேற விடமாட்டார். "முட்டைக்குப் பதில் சோடா ஊற்றடா" என்றான் நண்பன்.

சோடா என்பது என்ன? அழுத்தத்தால் நீரில் கரைந்த கரியமில வாயு. 1767-இல் ஜோசப் பிரீஸ்ட்லி செய்து காட்டியது. இவ்வளவும் அறிந்த நான், கட்டி தட்டக்கூடாதென்று கால்மணி நேரம் கலக்கினேன். குமிழெல்லாம் பறந்தன. குக்கரிலிருந்து வந்தது கேக் அன்று, களி!

பாதி மாவு மீதமிருந்தது. மறுநாள் பழத்தை மசித்து மாவில் சேர்த்து, சோடாவைக் கடைசியாக ஊற்றிப் பத்தே சுற்றுச் சுற்றினேன். வெயிட்டும் ரப்பர் வளையமும் நீக்கி, மணல் பரப்பிச் சூடேற்றிய குக்கரில் உடனே வைத்தேன். முக்கால் மணியில் அழகாக எழும்பியது. எனினும் வெட்டும்போது உதிர்ந்தது. முட்டை மாவை எழுப்பவும் செய்யும், பிணைக்கவும் செய்யும். சோடா எழுப்புவதோடு சரி.

வீட்டுக்கார அம்மையார் உதிரியைக்கூட விடாமல் உண்டு, "சென்னாகிதே" என்றார். ஏது பழம் என்றார்; சொன்னேன். "எத்தனை மரம் போயிற்று?" என்று கன்னடத்தில் கேட்டார். எனக்கு விடை தெரியவில்லை. நான் கேட்டதே இல்லை!

அன்றிரவு தந்தையாரை அழைத்துக் கேட்டேன். சற்று நேரம் பேச்சில்லை. பிறகு வரப்பு வரப்பாகச் சொல்லத் தொடங்கினார். முடிக்க ஒரு மணி நேரமாயிற்று.

நண்பர்களே, ஊரிலிருந்து பழம் வந்தால் உண்பதோடு நில்லாதீர்கள். தோட்டத்தையும் கேளுங்கள்.