கடல் நகர்ந்தது... பெயர் நகரவில்லை! கொற்கைக்கு ஒரு பயணம்

காலத்தில் ஒரு கிழிசல் விழும். அதற்குள் நுழைந்தவர் வேறொரு நூற்றாண்டில் போய் நிற்பார். சினிமாவிலும் வெப் சீரிஸிலும் எத்தனையோ முறை பார்த்த கதை. மின்னல், புகை, மந்திரக் கதவு எதுவும் இல்லாமல் அந்த அனுபவம் வேண்டுமா? தூத்துக்குடியில் திருச்செந்தூர் பஸ் ஏறுங்கள்.

முக்காணி வந்ததும் ஏரல் பக்கம் போகும் சாலையில் திரும்ப வேண்டும். வாழைத் தோட்டங்களையும் குளங்களையும் தாண்டினால் ஒரு சின்னக் கிராமம். பெயர், கொற்கை. பள்ளிக்கூடத்தில் 'பாண்டியர்களின் துறைமுகம்' என்று மனப்பாடம் செய்தோமே, அதே கொற்கைதான்! இறங்கியதும் யாருக்கும் முதலில் தோன்றும் கேள்வி ஒன்றுதான்: ''கடல் எங்கே?''

கடல் கிழக்கே சுமார் 7 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. நீங்கள் வழி தவறவில்லை. இடம் சரிதான், வந்த காலம்தான் தப்பு.

இரண்டாயிரம் வருடங்களுக்கு முன்பு வந்திருந்தால் இங்கே கப்பல்கள் நின்றிருக்கும். கி.பி. முதல் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் எழுதப்பட்ட 'பெரிப்ளூஸ்' என்ற கடல் வணிகக் கையேடு, பாண்டியர்களின் முத்துக்குளிக்கும் இடமாக இந்த ஊரைச் சொல்கிறது. தண்டனை பெற்ற கைதிகள்தான் அங்கே முத்துக்குளித்தார்கள் என்ற தகவலும் அதில் உண்டு. ரோம் நகரச் சீமாட்டிகளின் கழுத்தில் மின்னிய முத்துக்குப் பின்னால் இப்படியும் ஒரு கதை.

சரி, கடலை நகர்த்தியது யார்? தாமிரபரணி! பொதிகை மலையில் இருந்து இறங்கி வரும் ஆறு, ஒவ்வொரு வெள்ளத்திலும் வண்டலைக் கொண்டுவந்து முகத்துவாரத்தில் கொட்டியது. கரை கொஞ்சம் கொஞ்சமாகக் கிழக்கே போனது. ஒரு மனிதரின் ஆயுளில் இது கண்ணுக்குத் தெரியாது. தாத்தா நங்கூரம் போட்ட இடத்தில் பேரனின் படகு தரை தட்டியிருக்கும், அவ்வளவுதான்.

கப்பல் வர முடியாத ஊரில் வியாபாரிக்கு என்ன வேலை? துறைமுகமும் கடலைத் தேடிக் கிளம்பியது. அடுத்து அது நின்ற இடம் காயல். 13-ம் நூற்றாண்டின் இறுதியில் இந்தப் பக்கம் வந்த மார்க்கோ போலோ, அரபு நாட்டுக் குதிரைகள் வந்து இறங்கும் பெரிய பட்டினமாக அதை வர்ணிக்கிறார். அந்தக் காயலையும் மண் விடவில்லை. இன்று அது பழையகாயல். கப்பலுக்குப் பதில் உப்பளங்கள்தான் கண்ணில் படும். அதன் பிறகு ஆற்றின் முகத்துவாரத்தில் போர்ச்சுக்கீசியர் காலத்துப் புன்னைக்காயல். கடைசியாகத் தூத்துக்குடி. ஊர்கள் நான்கு என்றாலும், ஒரே துறைமுகம்தான் 2,000 வருடங்களாக நடந்துகொண்டே இருந்திருக்கிறது என்று தோன்றுகிறது.

மறைந்துபோன துறைமுகத்தைத் தேடி வந்தவர்களில் முக்கியமானவர், திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணம் எழுதிய கால்டுவெல். கொற்கையிலும் காயலிலும் தான் கண்டதை 1877-ல் கட்டுரையாகவே எழுதினார். 1968-69-ல் தமிழகத் தொல்லியல் துறை இங்கே அகழாய்வு செய்தது. அதில் கிடைத்த கரித்துண்டின் காலம் கி.மு. 785 என்று கணிக்கப்பட்டது. 2021-ல் மறுபடியும் தோண்டியபோது, ஒன்றின் மேல் ஒன்றாக ஒன்பது அடுக்குகள் கொண்ட சுடுமண் குழாய் வெளிப்பட்டது. வாழைக்குத் தண்ணீர் பாயும் பூமிக்கு அடியில் ஒரு நகரத்தின் குழாய்!

ஆனால், கொற்கையில் பழைய காலத்தைப் பார்க்க மண்வெட்டி தேவையில்லை, பெயர்களைக் கேட்டாலே போதும். இங்கே உள்ள பிள்ளையாருக்கு 'அக்கசாலைப் பிள்ளையார்' என்று பெயர். அக்கசாலை என்றால் நாணயம் அடிக்கும் இடம். நாணயமும் இல்லை, சாலையும் இல்லை. பிள்ளையார் மட்டும் அந்த விலாசத்தைப் பத்திரமாக வைத்திருக்கிறார். பக்கத்து ஊர் மாறமங்கலம். மாறன் என்பது பாண்டியர்களின் பெயர். குளத்தை ஒட்டி வெற்றிவேல் அம்மன் கோயில். சிலப்பதிகாரத்தில், கண்ணகிக்கு விழா எடுத்த கொற்கைப் பாண்டியனின் பெயர் வெற்றிவேற்செழியன். 2,000 வருடப் பழைமையானது என்று ஊர்க்காரர்கள் சொல்லும் வன்னி மரத்தையும் பார்க்காமல் வராதீர்கள்.

காலையிலேயே கிளம்பிவிடுங்கள், வெயில் கடுமையாக இருக்கும். கையில் தண்ணீர் அவசியம். திரும்பும் வழியில் பழையகாயலையும் புன்னைக்காயலையும் பார்த்துவிட்டுத் தூத்துக்குடி வந்தால், துறைமுகம் நடந்த பாதையிலேயே நீங்களும் வந்திருப்பீர்கள். அங்கே பிரம்மாண்டமான வ.உ.சி. துறைமுகம், 1974 முதல் பெருந்துறைமுகம். அப்பாடா, இந்தக் காலத்துக்கு வந்துவிட்டோம் என்று ஒரு நிம்மதி.

அந்த நிம்மதி ரயில் நிலையம் வரைதான். சென்னைக்குப் போக நிற்கிறது முத்துநகர் எக்ஸ்பிரஸ். மன்னார் வளைகுடாவின் நம் கரையில் கடைசியாக முத்துக்குளிப்பு நடந்தது 1961-ல். அதன் பிறகு குளிக்கும் அளவுக்குச் சிப்பி சேரவே இல்லை. கொற்கையில் இறங்கி ''கடல் எங்கே?'' என்று கேட்டோமே... இந்த ரயிலில் வந்து இறங்கும் ஒரு குழந்தை ''முத்து எங்கே?'' என்று கேட்டால் என்ன சொல்வோம்?