போதிய காரணம்

அப்பாவுக்கு மஞ்சள் காமாலை வந்ததே இல்லை. வந்ததாக எழுதியவன் நான். 2002ல், ஹைகோர்ட்டில் தாக்கல் செய்த ஒரு பிரமாணப் பத்திரத்தில். நான் எழுதியவற்றில் ஏதாவது பயன் விளைந்தது என்றால் அது ஒன்றினால்தான்.

எங்கள் 1 ஏக்கர் 20 சென்ட் புஞ்சையை 1989ல் ரோட்டுக்காக எடுத்துக்கொண்டார்கள். 1894ஆம் வருஷத்து நிலம் கையகப்படுத்தும் சட்டம். அதில் காலக் கணக்கு கறாரானது. அவார்டு சொல்லும்போது எதிரில் இருந்தவன் 6 வாரத்திற்குள் விவகாரத்தைக் கோர்ட்டுக்கு அனுப்பும்படி கேட்க வேண்டும். இல்லாதவனுக்கு நோட்டீஸ் கிடைத்து 6 வாரம், அல்லது அவார்டிலிருந்து 6 மாதம், எது முந்தியோ அது. பணத்தையும் ‘ஆட்சேபணையுடன்’ என்று எழுதி வாங்கியிருக்க வேண்டும். அந்த ஒரு வார்த்தையை எழுதாமல் கையெழுத்துப் போட்டவர்கள் எங்கள் தெருவிலேயே உண்டு. அப்பா எழுதினார். கெடுவுக்குள் மனுவும் கொடுத்தார். 1998ல் சப் கோர்ட்டு சென்ட்டுக்குக் கொஞ்சம் கூட்டிக் கொடுத்தது. பக்கத்து வரப்புக்காரர்கள் அது போதாதென்று ஹைகோர்ட்டுக்கு அப்பீல் போனார்கள். அதற்கு 90 நாள். அப்பா போகவில்லை.

அவர்களுக்குத் தொகை ஏறித் தீர்ப்பானபோது எங்களுக்கு 1,200 நாள் போல் தாண்டியிருந்தது. 1963ஆம் வருஷத்துக் காலவரையறைச் சட்டத்தின் 5ஆம் பிரிவில் ஒரு வழி இருப்பதாக வக்கீல் சொன்னார். ‘போதிய காரணம்’ இருந்தால் கோர்ட்டு தாமதத்தை மன்னிக்கலாம். மன்னித்தாக வேண்டும் என்றில்லை, மன்னிக்கலாம். 1987ல் உச்ச நீதிமன்றம் சொன்ன தீர்ப்பு ஒன்றையும் எடுத்துக் காட்டினார். காஷ்மீரத்தில் அனந்தநாக் கலெக்டர் தரப்பு, நஷ்ட ஈட்டைக் கூட்டிய தீர்ப்பின் மேல் அப்பீல் போட 4 நாள் தாமதித்துவிட்டது. ஹைகோர்ட்டு தள்ளியது; உச்ச நீதிமன்றம் ஏற்றது. ஒவ்வொரு நாளுக்கும் விளக்கம் வேண்டும் என்ற விதியை யந்திரம் மாதிரிப் பிடித்துக்கொள்ளக் கூடாது என்றது. சர்க்காரின் தாமதத்திற்காகச் சொல்லப்பட்ட வார்த்தை. நிலம் இழந்தவர்களும் பிற்பாடு அதையே கையில் பிடித்துக்கொண்டு படியேறினார்கள்.

“உங்கப்பா ஏன் சார் அப்பவே வரல?” என்றார் வக்கீல்.

அப்பாவைக் கேட்டேன். முத்திரைக் கட்டணத்துக்குப் பணமில்லை என்றார். உண்மைதான். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, “நான் விக்கலடா. விக்காத நெலத்துக்கு எத்தன தடவ போயி வெல பேசறது?” என்றார்.

வக்கீலிடம் அப்படியே சொன்னேன். “முதல் காரணத்தை எழுதலாம். ரெண்டாவது வேண்டாம், தெரிஞ்சேதான் சும்மா இருந்தார்னு ஆயிடும். கூடவே காமாலை போட்டுக்கங்க. நாட்டு வைத்தியம்னா சர்டிபிகேட் கேட்க மாட்டாங்க.”

அனுபவத்துக்கு உண்மையாக இருக்கிற வார்த்தையைப் பற்றி இம்மாதிரிப் பத்திரிகைகளில் வருஷக்கணக்காகத் தர்க்கம் செய்தவன் நான். காமாலை தடையில்லாமல் வந்தது. கீழாநெல்லி, உப்பில்லாப் பத்தியம், மோர்ச் சோறு. அப்பாவுக்குப் படித்துக் காட்டினேன். “பத்தியம் நல்லாருக்கு” என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டார்.

தாமதம் மன்னிக்கப்பட்டது. தாமதித்த நாட்களுக்கு வட்டி கிடையாது என்று நிபந்தனை. வேறு பல தீர்ப்புகளிலும் இதே ஏற்பாடுதான்; நியாயமானது என்றே எனக்குப் படுகிறது. பக்கத்து வரப்புக்காரர்களுக்குக் கிடைத்த தொகை பிறகு எங்களுக்கும் வந்தது. தங்கையின் கல்யாணக் கடன் அதில் அடைந்தது. ஆகவே வருத்தப்படுகிறேன் என்று சொன்னால் அதுவும் காமாலைதான்.

ஆனாலும் ஒன்று உறுத்துகிறது. பழைய சட்டத்தில் கலெக்டருக்கு இந்த மன்னிக்கும் அதிகாரமே கிடையாது. அவர் கோர்ட்டு இல்லை, 5ஆம் பிரிவு அவருக்குப் பொருந்தாது என்று 1996ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2014 முதல் அமலில் உள்ள புதிய சட்டம்தான் அவருக்கும் மேற்கொண்டு ஒரு வருஷம் வரை ஏற்கும் அதிகாரத்தைக் கொடுத்தது. அங்கேயும் போதிய காரணம் வேண்டும். எது போதும் என்று எந்தச் சட்டமும் பட்டியல் போடவில்லை. ஒரு மனிதன் இன்னொரு மனிதன் சொல்வதைக் கேட்பதற்காக விட்டுவைத்த இடம் அது. அந்த இடத்தில் நான் காமாலையை வைத்தேன். அப்பா சொன்னதை எழுதியிருந்தால் நீதிபதி தள்ளியிருக்கலாம். ஒருவேளை தலை நிமிர்ந்து பார்த்திருக்கவும் கூடும். அந்தச் சந்தர்ப்பத்தை நான் அவருக்கும் கொடுக்கவில்லை, அப்பாவுக்கும் கொடுக்கவில்லை.

அப்பா இப்போது இல்லை. மனுவின் நகல் என்னிடம் இருக்கிறது. அவர் சொன்ன காரணம் அதில் இல்லை என்பதால் இங்கே எழுதி வைக்கிறேன். கெடு தாண்டித்தான்.