கேமராவைப் பார்க்கட்டும்

பயணப் படம் எடுக்கக் கிளம்பும் எல்லோருக்கும் முதலில் பழகிப்போகும் வாக்கியம், "கேமராவைப் பார்க்காதீங்க." நான் அதைச் சொல்வதில்லை. தென் மாவட்டங்களுக்குப் போகும் ரயிலின் முன்பதிவில்லாப் பெட்டி. ஒற்றைக்காலில் நிற்கவே இடமில்லாத கூட்டத்தில் கேமராவும் கையுமாக ஒருவன் நின்றால், பார்க்காமல் இருப்பதுதான் நடிப்பு. பார்ப்பார்கள், முறைப்பார்கள், பிறகு கேட்பார்கள்: "எந்த சேனல் தம்பி?" சேனல் இல்லை என்றால், "அப்புறம் எதுக்கு?" படத்தொகுப்பில் முதலில் வெட்டப்படுவது இந்தக் கேள்விதான். என் படங்களில் அது இருக்கும். பதில் இருக்காது, என்னிடம் உள்ள பதில்கள் நிதி கேட்டு எழுதும் விண்ணப்பத்துக்கே லாயக்கு.

ஷாட்டை நிறுத்தாமல் ஓடவிட்டால் ஒன்று புரியும். எதிரே இருப்பவர் முதலில் சட்டையைச் சரிசெய்துகொள்வார். அடுத்து என்னை எடைபோடுவார். பிறகு சலித்துப்போய்த் தன் முறுக்குப் பொட்டலத்துக்குத் திரும்புவார். எனக்கு வேண்டிய ஷாட் அங்கேதான் தொடங்குகிறது. ஆனால் முந்தைய இரண்டு கட்டங்களையும் வெட்டிவிட்டால், நான் அங்கே இல்லவே இல்லை என்று பொய் சொல்வதாகிவிடும்.

ஷாந்தால் அகெர்மான் எடுத்து 1993-இல் வெளிவந்த 'கிழக்கிலிருந்து' படத்தில், கிழக்கு ஜெர்மனி தொடங்கி மாஸ்கோ வரை, காத்திருக்கும் கூட்டங்களைக் கடந்து கேமரா மெதுவாக நகர்ந்துகொண்டே போகும். வர்ணனை கிடையாது, அவர்கள் பேசுவதற்கு மொழிபெயர்ப்பும் கிடையாது. சிலர் வெறிப்பார்கள், சிலர் முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள். அந்தப் பார்வைகளை அகெர்மான் வெட்டிவிடவில்லை. அறுவடை முடிந்த வயல்களில் மிஞ்சிய உருளைக்கிழங்கு பொறுக்குபவர்களைத் தேடி பிரான்சைச் சுற்றிய ஆனியெஸ் வர்தா, 2000-இல் வெளிவந்த தன் படத்தில் சுருங்கிய தன் கையையே சிறிய டிஜிட்டல் கேமராவால் படம்பிடித்தார். அணைக்க மறந்த கேமராவில் ஆடிக்கொண்டிருந்த லென்ஸ் மூடியைக்கூட விட்டுவைத்தார்.

ஜூம் லென்ஸை நான் எடுத்துப்போவதில்லை. எட்ட நின்று முகத்தை இழுத்துக்கொள்வது திருட்டு. 35 மி.மீ. லென்ஸில் முகம் நிறைய வேண்டுமென்றால் கைக்கெட்டும் தூரத்துக்குப் போயாக வேண்டும். அப்போது படம்பிடிக்கப்படுபவருக்கு "வேண்டாம்" என்று சொல்ல வழியிருக்கிறது. சொல்லியும் இருக்கிறார்கள், வாய்த்திருக்கக்கூடிய நல்ல முகங்கள் அப்படிப் போயின.

குரல்தான் பெரும் தலைவலி. தியேட்டரில் அரசின் பிலிம்ஸ் டிவிஷன் ஆவணப்படங்களைப் பார்த்து வளர்ந்த நமக்கு, பின்னணிக் குரல் என்றாலே எல்லாம் தெரிந்தவர் பேசும் குரல். கிறிஸ் மார்க்கர் 'சான் சோலேய்' (1983) படத்தில் இதற்கொரு வழி கண்டார்: ஜப்பானிலும் ஆப்பிரிக்காவிலும் தான் பார்த்ததைக் கற்பனை ஒளிப்பதிவாளர் ஒருவரின் கடிதங்களாக்கி, ஒரு பெண்ணை வாசிக்கவைத்தார். 'நான்' கொஞ்சம் தள்ளி நிற்கிறது. வர்ணனை எழுதும்போது நான் பின்பற்றும் விதி அதைவிட எளிது: படத்தில் தெரிவதைச் சொல்லாதே, எனக்குத் தெரியாததைச் சொல். பெரும்பாலும் இரண்டு பக்கம்கூட மிஞ்சாது.

அடுத்து ஒரு பயணப் படம் பார்க்கும்போது, யாராவது கேமராவை நேராகப் பார்த்தால், அந்தப் பார்வை எத்தனை நொடி விடப்பட்டிருக்கிறது என்று எண்ணிப் பாருங்கள்.