தபால் ஆபீசில் பாஸ்போர்ட்: பெரம்பலூர், அரியலூர் நாட்குறிப்பு

பாஸ்போர்ட்டுக்கு அஞ்சலகத்திலேயே விண்ணப்பிக்கும் ஏற்பாடு 2017 ஜனவரியில் தொடங்கியது. வெளியுறவு அமைச்சகமும் அஞ்சல் துறையும் சேர்ந்து அந்த மாதம் 25-ஆம் தேதி மைசூரிலும் குஜராத்தின் தாகோதிலும் முதல் இரண்டு அஞ்சலக பாஸ்போர்ட் சேவை மையங்களைத் திறந்தன. பெரம்பலூரும் அரியலூரும் திருச்சி மண்டல பாஸ்போர்ட் அலுவலகத்தின் எல்லைக்குள் வரும் மாவட்டங்கள். திருச்சிக்கோ தஞ்சாவூருக்கோ போய்க் காத்துக் கிடந்த இப்பகுதி மக்களுக்குப் பெரம்பலூர் அஞ்சலக மையம் பெரிய ஆறுதல். அரியலூருக்கு ரயில் இருக்கிறது, பெரம்பலூருக்கு இல்லை; ஆகவே அரியலூர்க்காரர் சிலருக்கு இன்றும் ரயிலேறித் திருச்சி போவதே சுலபம். எந்த மையம் என்பதை விண்ணப்பதாரரே தேர்ந்தெடுக்கலாம்.

முதல் நாள்: காகிதங்களை எடுத்து வைப்பது

விண்ணப்பம் தொடங்குவது கணினியில் அல்ல, பீரோவில். பிறப்புச் சான்றிதழ், பள்ளி மாற்றுச் சான்றிதழ், ஆதார், வங்கிப் புத்தகம் எல்லாவற்றையும் பாய்மீது பரப்பி, எழுத்துக்கு எழுத்து ஒப்பிட வேண்டும். இந்த இரண்டு மாவட்டங்களில் அந்த வேலைக்கு ஒரு தனிச் சிக்கல் உண்டு.

பெரம்பலூர் மாவட்டம் திருச்சியிலிருந்து 1995-இல் பிரிந்தது. அதிலிருந்து அரியலூர் 2001 ஜனவரி 1-இல் பிரிந்தது. 2002 மார்ச் 31-இல் மறுபடி பெரம்பலூரோடு சேர்ந்தது. 2007 நவம்பர் 23-இல் மீண்டும் தனி மாவட்டமானது. உடையார்பாளையம் பக்கத்தில் ஒரே வீட்டில் பிறந்த நான்கு பிள்ளைகளை எடுத்துக்கொண்டால், 1994-இல் பிறந்த மூத்தவருக்குத் திருச்சி மாவட்டம், 1998-இல் பிறந்தவருக்குப் பெரம்பலூர், 2001-இல் பிறந்தவருக்கு அரியலூர், 2005-இல் பிறந்த கடைக்குட்டிக்கு மறுபடி பெரம்பலூர். வீடு இருந்த இடத்திலேயே இருக்கிறது. இது விண்ணப்பதாரரின் பிழையல்ல. ஆனால் கேட்டால் தேதியோடு சொல்லத் தெரிந்திருந்தால் கவுன்டரில் தடுமாற்றம் இருக்காது. ஊர்ப் பெயரின் ஆங்கில எழுத்தும் பார்க்க வேண்டியதே. ஜெயங்கொண்டத்துக்கு நடுவில் 'எம்' போடும் காகிதமும் உண்டு, 'என்' போடும் காகிதமும் உண்டு.

இதைவிடப் பெரிய சிக்கல் இனிஷியல். பாஸ்போர்ட் படிவம் இனிஷியலை ஏற்காது; பெயரை விரித்தே எழுத வேண்டும். பெண்களின் காகிதங்களில் இது இரட்டிப்பாகிறது: பள்ளிச் சான்றிதழில் அப்பாவின் இனிஷியல், ஆதாரில் கணவரின் இனிஷியல். குடும்பப் பெயருக்கான கட்டத்தைப் பலர் வெறுமையாக விட்டுவிடுகிறார்கள். 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், ஒற்றைப் பெயர் கொண்ட பாஸ்போர்ட்டுக்குச் சுற்றுலா, வருகை விசாவில் அனுமதி இல்லை என்று அறிவித்தபோது அந்த வெற்றுக் கட்டத்தின் விலை தெரிந்தது. பாஸ்போர்ட்டில் தந்தை பெயர் இருந்தால் போதும் என்று பிறகு தளர்த்தினார்கள். என்றாலும் வளைகுடா போக நினைப்பவர் தந்தை பெயரைக் குடும்பப் பெயராகப் போடுவதே நல்லது.

இரண்டாம் நாள்: படிவம்

கைப்பேசியிலோ பிரவுசிங் சென்டரிலோ அரசின் பாஸ்போர்ட் சேவைத் தளத்தில் பதிவு செய்து படிவத்தை நிரப்பலாம். அதே சாயலில் போலித் தளங்களும் உலவுகின்றன. முகவரி 'கவ் டாட் இன்' என்று முடிகிறதா என்று பார்த்துக்கொள்ள வேண்டும். பெரியவர்களுக்கு 36 பக்கப் புத்தகத்தின் கட்டணம் 1,500 ரூபாய். பணம் கட்டியதும் நாளும் நேரமும் குறித்துக்கொள்ளலாம்.

குறித்த நாள்: அஞ்சலகம்

மணியார்டர், சேமிப்புக் கணக்கு என்று வந்தவர்களின் வரிசைக்குப் பக்கத்தில் இந்தக் கவுன்டர். அசல் சான்றிதழ்களும் நகல்களும் கையில் வேண்டும். படம் அங்கேயே எடுப்பார்கள். பின்னணி வெள்ளை, வெள்ளைச் சட்டையில் போனால் தோள் தெரியாமல் போகும்.

நேரம் பிடிப்பது விரல் ரேகைதான். செந்துறை, ஆண்டிமடம் பக்கத்து முந்திரித் தோப்புகளில் கொட்டை உடைப்பவரின் விரல் நுனியை ஓட்டின் எண்ணெய் அரித்திருக்கும். சுண்ணாம்புக்கல் சுரங்கத்தில் வேலை செய்பவரின் கையில் ரேகை தேய்ந்திருக்கும். நான்கு விரலைக் கண்ணாடிமேல் வைத்தால் திரையில் மங்கலான கோடுகள்தான் தெரியும். ஈரத்துணியால் துடைத்து, மறுபடி அழுத்தி, கொஞ்சம் சாய்த்து வைத்து, மூன்றாம் முறையோ நான்காம் முறையோ பதிகிறது. பொறுமையாகக் கை பிடித்து வைத்துக் காட்டும் ஊழியர் கிடைத்தால் அது அந்த விண்ணப்பதாரரின் அதிர்ஷ்டம். உழைத்த கைக்கு அந்த மரியாதை கிடைத்தே ஆக வேண்டும்.

காகிதங்களும் ரேகையும் படமும் இங்கே பதிவாகும். பாஸ்போர்ட் வழங்கலாமா என்பதைப் பாஸ்போர்ட் அலுவலக அதிகாரி முடிவு செய்வார். காகிதம் குறைந்தால் கோப்பு நிற்கும், இன்னொரு நடை ஆகும்.

அடுத்து வரும் ஒரு நாள்: போலீஸ் விசாரணை

கோப்பு, விண்ணப்பதாரர் குடியிருக்கும் பகுதிக் காவல் நிலையத்துக்குப் போகிறது. திருப்பூரிலோ சென்னையிலோ வேலை பார்த்துக்கொண்டு ஊர் முகவரியைக் கொடுப்பவர்கள் இங்கேதான் மாட்டுகிறார்கள். வீடு பூட்டிக் கிடந்தாலோ, 'இப்போ இங்க இல்லீங்க' என்று பக்கத்து வீட்டார் சொன்னாலோ அறிக்கை பாதகமாகப் போகலாம். தற்போது எங்கே குடியிருக்கிறாரோ அந்த முகவரியைக் கொடுப்பதே முறை.

கடைசி நாள்: தபால்காரர்

பாஸ்போர்ட் ஸ்பீடு போஸ்டில் வரும். உரியவரிடம்தான் தபால்காரர் கொடுப்பார். ஆதாரை எடுத்து வைத்திருக்க வேண்டும். வாங்கியதும் பெயர், பிறந்த தேதி, தந்தை பெயர் மூன்றையும் படித்துவிட்டு ஒரு விஷயத்தைத் தேட வேண்டும்: குடியேற்ற அனுமதி தேவை என்ற குறிப்பு இருக்கிறதா என்பது. பத்தாம் வகுப்புத் தேறாதவர்களுக்குப் பொதுவாக இந்தக் குறிப்பு வரும். 1983-ஆம் ஆண்டுக் குடியேற்றச் சட்டப்படி, அந்தக் குறிப்புள்ளவர் சவூதி, குவைத், கத்தார், ஓமன், மலேசியா உள்ளிட்ட 18 நாடுகளுக்கு வேலைக்குப் போகுமுன் குடியேற்றப் பாதுகாப்பு அதிகாரியின் அனுமதி பெற வேண்டும். சிங்கப்பூர் அந்தப் பட்டியலில் இல்லை.

தேறியிருந்தும் சான்றிதழை வீட்டில் விட்டுவிட்டுப் போய் இந்தக் குறிப்போடு திரும்பினால், அதை நீக்க மறுபடி விண்ணப்பிக்க வேண்டும், மறுபடி 1,500 ரூபாய் கட்ட வேண்டும். பத்தாம் வகுப்புத் தேறியவர்கள் அஞ்சலகத்துக்குக் கிளம்பும்போது அந்த மதிப்பெண் சான்றிதழை முதல் காகிதமாக எடுத்து வையுங்கள்.