இறையாண்மை யாருக்கு?



எங்க வீட்டில் படிக்க வந்த முதல் ஆள் நான். புளியங்குடி எலுமிச்சை மார்க்கெட்டில் மூட்டை தூக்கும் அப்பாவுக்கு 'இறையாண்மை'யை விளக்கினேன். "அடுத்த வீட்டு விவகாரத்துல தலையிடாதங்கான், அதானலே?" என்றார்.

சரிதான். அந்த வீட்டுக்குள்ளிருந்து அலறல் கேட்டால்?

1987 ஜூன் 4-ல் பசித்திருந்த யாழ்ப்பாணத்துக்கு இந்திய விமானங்கள் உணவுப் பொருட்களைப் போட்டன. 'இறையாண்மை மீறல்' என்றது இலங்கை. அடுத்த மாதமே நம் படையும் போனது. அக்டோபரில் சண்டை மூண்டு, அதிலும் பொதுமக்கள் செத்தார்கள்.

2009 மே மாதம் முள்ளிவாய்க்காலில் போர் முடிந்தது. அரசு அறிவித்த பாதுகாப்பு வலயத்திலேயே குண்டுகள் விழுந்தன. புலிகள் மக்களைக் கேடயமாக வைத்திருந்தார்கள். 40,000 பேர் வரை இறந்திருக்கலாம். இதையெல்லாம் 2011-ல் எழுதியது ஐ.நா. நிபுணர் குழு. ஆனால் போர் முடிந்த சில நாளில், மே 27 அன்று, ஐ.நா. மனித உரிமைக் கவுன்சில் 'உள்விவகாரத்தில் தலையிடாமை' பேசிய தீர்மானத்தை 29 ஓட்டில் நிறைவேற்றியது. அதில் ஒரு ஓட்டு இந்தியாவுடையது!

தோழர்களே, படை அனுப்பச் சொல்லவில்லை நான். சோறும் மருந்தும் சாட்சியும் உள்ளே போக வழிவிடு என்று கேட்பது தலையீடு ஆகாது. கொடி நாட்டுக்குச் சொந்தம். உயிர் அவனவனுக்குச் சொந்தம். எந்த நாட்டில் போர் நடந்தாலும் இதைக் கேட்போம், உரக்கக் கேட்போம்!